கடலோரச் சாலை அகலமாகிறது: நம் கடைகள் எங்கே நிற்கும்?



மரக்காணம் முதல் புதுச்சேரி வரையிலான கிழக்குக் கடற்கரைச் சாலையை நான்குவழிச் சாலையாக்க மத்திய அமைச்சரவை 2025 ஆகஸ்ட் 8-ஆம் தேதி ஒப்புதல் கொடுத்தது. நீளம் 46 கிலோமீட்டர். மதிப்பீடு 2,157 கோடி ரூபாய். பேப்பரில் இதைப் படித்தவர்கள், சென்னைக்கும் புதுச்சேரிக்கும் சீக்கிரம் போய் வரலாம் என்று மகிழ்ந்திருப்பார்கள். மகிழ வேண்டிய செய்திதான். ஆனால் நாம் வியாபாரிகள். புதிதாக ஒரு சாலை வருகிறது என்றால் நம் மனதில் இரண்டு கேள்விகள் எழ வேண்டும். இந்தச் சாலையில் யாருடைய சரக்கு யாருடைய கடைக்குப் போகப் போகிறது? இன்று சாலையோரம் நிற்கும் கடை, சாலை வேலை முடிந்த பிறகும் அதே இடத்தில் நிற்குமா?

முதல் கேள்வி திண்டிவனம், விழுப்புரம் ஊர்களில் மொத்த வியாபாரம் செய்யும் எங்களைப் போன்றவர்களுக்கு உரியது. இரண்டாவது கேள்வி மரக்காணம், கூனிமேடு, அனுமந்தை, கோட்டக்குப்பம் என்று கடலோரத்தில் சில்லறைக் கடை வைத்திருப்பவர்களுக்கு உரியது. பார்க்கத் தனித்தனிக் கேள்வியாகத் தோன்றினாலும் இரண்டும் ஒரே முடிச்சுதான். கடலோரத்துச் சில்லறைக் கடை இடம் பெயர்ந்தால் அதற்குச் சரக்கு போடும் மொத்தக் கடையும் ஆட்டம் காணும். ஆகவே இரண்டையும் சேர்த்தே எழுதுகிறோம்.

பழைய வழி

கடலோரச் சாலை வடக்கும் தெற்குமாக ஓடுகிறது. நம் பகுதியின் வியாபாரமோ நெடுங்காலமாகக் கிழக்கும் மேற்குமாக ஓடியது. கடற்கரையிலிருந்து உப்பும் கருவாடும் உள்ளே வரும். உள்நாட்டிலிருந்து நெல்லும் பயறும் எண்ணெயும் கடற்கரைக்குப் போகும். இது நேற்று இன்று ஏற்பட்ட ஏற்பாடு அல்ல.

சங்க நூல்களில் ஒன்றான சிறுபாணாற்றுப்படை இந்த வழியையே சொல்கிறது. அதைப் பாடிய நல்லூர் நத்தத்தனார் இடைக்கழிநாட்டுக்காரர். இடைக்கழிநாடு இன்றைக்கும் கடலோரச் சாலையில் கடப்பாக்கம் பக்கம் இருக்கும் பகுதி. பரிசு தேடிப் போகும் பாணனுக்கு அவர் வழி சொல்கிறார். கடற்கரையில் எயிற்பட்டினம், பிறகு வேலூர், ஆமூர், அதற்கும் அப்பால் நல்லியக்கோடனுடைய கிடங்கில். எயிற்பட்டினம் இன்றைய மரக்காணப் பகுதி என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். கிடங்கில் என்பது இன்றைக்குத் திண்டிவனத்தோடு ஒட்டிக் கிடக்கும் கிடங்கல். ஆக, மரக்காணம் – திண்டிவனம் வழிக்கு ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டு வயது. அந்த வழியில் பாணனுக்குக் கடற்கரையில் சுட்ட மீன் கிடைக்கிறது. அடுத்த ஊரில் புளியிட்ட சூடான சோறு. வயல் சூழ்ந்த ஊரில் அரிசிச் சோறும் நண்டும். மளிகைக்காரர் கண்ணோடு படித்தால் எந்த ஊரில் எந்தச் சரக்கு என்ற பட்டியலே அதில் இருக்கிறது. திண்டிவனம் என்ற பெயருக்கே புளியங்காடு என்றுதான் பொருள் சொல்வார்கள்.

பிற்காலத்தில் கடப்பாக்கத்தை ஒட்டிய ஆலம்பரை துறைமுகமாக விளங்கியது. 1750-இல் அது பிரெஞ்சுக்காரர் கைக்குப் போனது. 1760-இல் ஆங்கிலேயர் பிடித்துக் கோட்டையை இடித்தார்கள். துறைமுகம் போன பிறகு கால்வாய் வந்தது. பக்கிங்காம் கால்வாய் ஆந்திராவில் தொடங்கிச் சென்னை வழியாக ஏறக்குறைய 420 கிலோமீட்டர் ஓடி, நம் மரக்காணத்தில்தான் முடிகிறது. 1876–78 தாது வருஷப் பஞ்சத்தில் நிவாரண வேலையாக இதன் ஒரு பகுதி வெட்டப்பட்டது. அப்போது கவர்னராக இருந்த பக்கிங்காம் பிரபுவின் பெயர் அதற்கு நிலைத்தது. உப்பும் விறகும் படகில் சென்னைக்குப் போயின. 1960-களின் நடுவில் வந்த புயல்களில் கால்வாய் சேதமானது. நாளடைவில் படகுப் போக்குவரத்தும் அற்றுப்போனது. 2008-இல் இதை நான்காம் தேசிய நீர்வழியில் சேர்த்தார்கள். ஆனால் மரக்காணத்துக் கடைக்காரர் யாரும் படகில் சரக்கு வரும் என்று எதிர்பார்த்துக் காத்திருக்கவில்லை.

ரயிலோ கடலோரத்துக்கு வரவே இல்லை. சென்னையிலிருந்து வரும் பாதை செங்கல்பட்டு, திண்டிவனம், விழுப்புரம் என்று உள்நாட்டிலேயே ஓடுகிறது. 1879-இல் விழுப்புரத்திலிருந்து புதுச்சேரிக்குக் கிளைப் பாதை போட்டார்கள். விழுப்புரம் ஐந்து திசைக்கும் பாதை பிரியும் சந்திப்பாக வளர்ந்தது. பெரிய நெடுஞ்சாலையும் அதே உள்நாட்டு வழியிலேயே அமைந்தது. திண்டிவனத்திலும் விழுப்புரத்திலும் மொத்தக் கடைகளும் மண்டிகளும் பெருகியதற்குக் காரணம் இதுதான். ரயிலிலும் லாரியிலும் வந்து இறங்கிய சரக்கு இங்கே பிரிந்து கடற்கரை ஊர்களுக்குப் போயிற்று. அங்கிருந்து உப்பு வந்தது.

நாங்கள் வியாபாரத்துக்கு வந்தது 1970-களின் கடைசியில். அப்போது கடலோரத்துக் கடைக்காரர்கள் காலை பஸ்ஸில் திண்டிவனம் வருவார்கள். சீட்டைக் கொடுத்துவிட்டு டீ குடிக்கப் போவார்கள். திரும்பி வருவதற்குள் மூட்டை கட்டித் தயாராக இருக்கும். மத்தியான பஸ்ஸின் கூரையில் மூட்டைகளை ஏற்றிக்கொண்டு ஊர் திரும்புவார்கள். மீன்பாடு இருந்தால் பாக்கி தீரும். கடல் சீற்றமாக இருந்தால் பாக்கி ஏறும். எங்கள் பேரேட்டைப் பார்த்தே கடலின் நிலவரத்தைச் சொல்லிவிடலாம்.

சாலை வந்தது, வரத்து மாறியது

கடலோர ஊர்களை இணைத்த சிறு சிறு சாலைகளைச் சேர்த்து, ஆசிய வளர்ச்சி வங்கியின் கடனோடு கிழக்குக் கடற்கரைச் சாலை உருவாக்கப்பட்டது. 1998-இல் தமிழ்நாடு சாலை மேம்பாட்டு நிறுவனம் தொடங்கப்பட்டு, சென்னை – புதுச்சேரிப் பகுதி அதன் பொறுப்புக்கு வந்தது. சாலை செப்பனிடப்பட்டு 2002 மார்ச்சில் சுங்கவசூல் ஆரம்பமாயிற்று. இன்று இது தேசிய நெடுஞ்சாலை 332ஏ.

சாலை வந்ததும் என்ன நடந்தது? சென்னையிலிருந்து கம்பெனி வண்டி நேராகக் கடப்பாக்கம், மரக்காணம் வரை வர ஆரம்பித்தது. புதுச்சேரியிலிருந்து வேன் வடக்கே வந்தது. சோப்பு, பிஸ்கட், ஷாம்பு, டீத்தூள் போன்ற பாக்கெட் சரக்குக்கு டிஸ்ட்ரிபியூட்டரின் ஆளே கடை வாசலில் வந்து ஆர்டர் எடுத்தார். கடைக்காரருக்குப் பஸ் செலவு இல்லை, கடையை மூடிவிட்டுப் போக வேண்டியதும் இல்லை. அவர் அங்கே வாங்கியதில் ஒரு குறையும் சொல்ல முடியாது. வியாபாரி வசதியைப் பார்ப்பான். திண்டிவனத்துக்குக் கிழக்கே இருந்த ஊர்கள் இப்படி மெல்ல மெல்லத் திசை மாறின.

இன்னொரு சங்கதியும் உண்டு. சென்னையிலிருந்து கடலோரமாக வரும் வண்டி மரக்காணம் தாண்டியதும் கனகசெட்டிகுளத்தில் புதுச்சேரி எல்லைக்குள் நுழைகிறது. காலாப்பட்டு கடந்து மறுபடி தமிழ்நாட்டுக்குள் வருகிறது. கோட்டக்குப்பம் முடிந்ததும் திரும்பவும் புதுச்சேரி. ஒரே சாலையில் சில கிலோமீட்டருக்குள் மூன்று முறை எல்லை. விற்பனை வரி, வாட் காலங்களில் இரண்டு பக்கமும் வரி வேறு, விலை வேறு. 2017 ஜூலை 1-இல் ஜி.எஸ்.டி. வந்த பிறகு வரி விகிதம் ஒன்றாகிவிட்டது. வணிகவரிச் சோதனைச் சாவடிகளும் போயின. ஆனால் எல்லை போகவில்லை. தமிழ்நாட்டுப் பதிவுள்ள நாம் காலாப்பட்டுக் கடைக்குச் சரக்கு அனுப்பினால் அது வெளிமாநில விற்பனை, ஐ.ஜி.எஸ்.டி. போட வேண்டும். வரியுள்ள சரக்கு 50,000 ரூபாயைத் தாண்டினால் இ-வே பில் வேண்டும். தமிழ்நாட்டுக்குள்ளேயே அனுப்பினால் அந்த வரம்பு ஒரு லட்சம். காம்போசிஷன் முறையில் இருப்பவர் வெளிமாநிலத்துக்குச் சரக்கு அனுப்பவே கூடாது. நாளைக்குச் சாலை அகலமாகி வண்டிப் போக்குவரத்து கூடும்போது எல்லை ஓரத்து வியாபாரிகளிடம் கேள்வியும் கூடும். இதை இப்போதே கணக்குப்பிள்ளையிடம் கேட்டுத் தெளிந்துகொள்வது நல்லது.

வியாபாரத்தைத் தக்கவைத்தவர்கள்

சாலை வந்ததால் திண்டிவனத்து மொத்த வியாபாரம் அடியோடு போய்விட்டதா என்றால் இல்லை. தக்கவைத்தவர்கள் சிலர் உண்டு. அவர்கள் செய்ததை நாம் கவனித்திருக்கிறோம். பெரிய வித்தை ஒன்றும் இல்லை, மூன்றே சங்கதிகள்.

முதலாவது, நாள் தவறாமை. வாரத்தில் இன்ன கிழமை இன்ன ஊர் என்று வைத்துக்கொண்டு, மழையானாலும் வண்டி போகும். கடைக்காரர் அந்தக் கிழமையை நம்பி இருப்பு வைப்பார். கம்பெனி வண்டி தன் டார்கெட்டைப் பார்த்து வரும், வராமலும் போகும். ஊர்க்கார மொத்த வியாபாரியின் வண்டி வந்தே தீரும்.

இரண்டாவது, உடைத்துக் கொடுப்பது. குப்பத்துக் கடைக்குத் துவரம்பருப்பு முழு மூட்டை வேண்டியதில்லை. பத்து கிலோ பருப்பு, ஐந்து கிலோ மிளகாய், ஒரு டின் எண்ணெய், இரண்டு கிலோ புளி, இப்படித்தான் அவர் சீட்டு இருக்கும். கம்பெனி வண்டியில் ஒரே கம்பெனிச் சரக்குதான் வரும். இருபது ஐட்டமும் ஒரே வண்டியில், ஒரே பில்லில் வருவதற்கு மளிகை மொத்தக் கடைதான் வேண்டும்.

மூன்றாவது, திரும்பும் வண்டியில் சரக்கு. இதுதான் முக்கியமானது. ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். திண்டிவனத்திலிருந்து மரக்காணம் ஏறத்தாழ 35 கிலோமீட்டர். ஊர் ஊராக நின்று போய் வர வாடகை, டீசல், ஆள் கூலி எல்லாம் சேர்த்து ஒரு நடைக்கு 3,000 ரூபாய் என்று உதாரணத்துக்கு வைத்துக்கொள்வோம். ஒரு டன் சரக்கு ஏற்றினால் கிலோவுக்கு 3 ரூபாய் விழும். அரை டன்தான் ஏற்றினோம் என்றால் 6 ரூபாய். மளிகையில் கிலோவுக்கு 6 ரூபாய் வண்டிக்கூலி கொடுத்துவிட்டு யார் நிற்க முடியும்? அதே வண்டி திரும்பும்போது ஒரு டன் உப்போ தேங்காயோ கருவாடோ தர்பூசணியோ ஏற்றி வந்தால், போகவர இரண்டு டன் ஆகிறது. கிலோவுக்கு ஒன்றரை ரூபாயில் முடிகிறது. போகும்போது மட்டும் சம்பாதிக்கும் வண்டி, வரும்போது அந்தச் சம்பாத்தியத்தைத் தின்றுவிடும். பழைய உமணர் உப்பு வண்டியில் போய் நெல்லோடு திரும்பிய கணக்கும் இதுதான்.

உப்பு ஏற்றுபவர்களுக்கு ஒரு வார்த்தை. உணவுக்கு விற்கும் உப்பில் அயோடின் சேர்ந்திருக்க வேண்டும் என்பது சட்டம். அளத்தில் வாரிய கல்லுப்பைக் கருவாடு போடவும், ஐஸ் வேலைக்கும், மற்ற தொழில்களுக்கும் கொடுக்கலாம். சமையலுக்கென்று கடையில் வைத்து விற்றால் உணவுப் பாதுகாப்பு அதிகாரி கேட்பார். பில்லிலேயே எதற்கான உப்பு என்று எழுதி வாங்குங்கள். மழைக்காலத்தில் அளங்களில் வேலை நின்றுவிடும். அதற்கு முன்பே இருப்பு வைத்துக்கொள்ள வேண்டும்.

நான்குவழி என்றால் என்ன ஆகும்?

இரண்டுவழிச் சாலைக்கும் நான்குவழிச் சாலைக்கும் வித்தியாசம் அகலம் மட்டும் அல்ல. இரண்டுவழிச் சாலையில் எதிர்ப்புறம் போகும் வண்டிக்காரனும் நிறுத்தி, குறுக்கே நடந்து வந்து சோடா வாங்குவான். நான்குவழி வந்தால் நடுவில் தடுப்பு வரும். திறப்பு எங்கே இருக்கிறதோ அங்கேதான் திரும்ப முடியும். எதிர்ப்புறத்து வாடிக்கையாளர் பாதிப் பேர் போய்விடுவார்கள். ஊரைச் சுற்றிப் புறவழி போட்டால் வழிப்போக்கு வியாபாரம் மொத்தமும் ஊரை விட்டுப் போகும். திண்டிவனத்திலும் விழுப்புரத்திலும் புறவழிச்சாலை வந்தபோது இதைக் கண்ணால் கண்டோம். நெடுந்தூர வண்டிகளை நம்பிய டீக்கடையும் பழக்கடையும் புறவழிக்குப் பெயர்ந்தன. ஊர் மக்களையும் சுற்றுக் கிராமங்களையும் நம்பிய மளிகைக் கடைகள் நிலைத்தன. நெரிசல் குறைந்ததால் கடைவீதியில் சரக்கு இறக்குவதும் சுலபமாயிற்று.

இலங்கையிலும் இதுபோல ஒன்று நடந்தது. கொழும்பிலிருந்து காலிக்குப் போகும் பழைய சாலை கடலோரமாகவே ஊர் ஊராகப் போகிறது. 2011 நவம்பரில் உள்நாட்டு வழியாகத் தெற்கு அதிவேகச் சாலையைத் திறந்தார்கள். மூன்று மணி நேரப் பயணம் ஒரு மணி நேரமாகச் சுருங்கிற்று. அவசரமாகப் போகிறவர்கள் எல்லாம் புதுச் சாலைக்கு மாறினார்கள். கடலோரச் சாலையில் உள்ளூர்க்காரர்களும் ஊர் பார்க்க வருபவர்களும் மிஞ்சினார்கள். நமக்கு இதில் ஒரு பாடம் இருக்கிறது. வேகமாகப் போகும் வண்டி நம் வாடிக்கையாளர் அல்ல. நிற்கிறவர்தான் வாடிக்கையாளர். சாலை எவ்வளவு பெரிதானாலும், உங்கள் கடையில் நிற்கிறவர் எங்கிருந்து வருகிறார் என்பதைப் பார்த்துத்தான் அடுத்த இடத்தைத் தேட வேண்டும். புதுச் சாலையின் முகப்பில்தான் கடை வேண்டும் என்று பெரிய அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன்னால், ஒரு மாதம் உங்கள் பில்லை எடுத்து, உள்ளூர் எவ்வளவு, வழிப்போக்கு எவ்வளவு என்று பிரித்து எழுதிப் பாருங்கள்.

கடைக்காரர் கையில் இருக்க வேண்டிய காகிதம்

இனி இரண்டாவது கேள்விக்கு வருவோம். சாலைக்கு நிலம் எடுக்கும்போது நிலத்துக்குச் சொந்தக்காரருக்குப் பணம் வரும். பட்டா அவர் பெயரில் இருக்கிறது. அந்த இடத்தில் இருபது ஆண்டாக வாடகைக்குக் கடை நடத்தியவருக்கு என்ன வரும்? 'வாடகைக்காரனுக்கு ஒன்றும் கிடையாது' என்று நம்மில் பலர் தாமாகவே முடிவு கட்டி, சாமானைத் தூக்கிக்கொண்டு போய்விடுகிறார்கள். அது சரியல்ல.

தேசிய நெடுஞ்சாலைக்கு நிலம் எடுப்பது 1956-ஆம் ஆண்டுத் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டப்படி நடக்கிறது. அதில் நாம் தெரிந்துகொள்ள வேண்டிய படிகள் சில.

3ஏ பிரிவின்படி, இன்ன சர்வே எண் நிலம் எடுக்கப்போகிறோம் என்று அரசிதழில் அறிவிப்பு வரும். அதன் சுருக்கம் இரண்டு உள்ளூர்ப் பத்திரிகைகளில், ஒன்று நம் மொழியில், வெளியாகும். அரசிதழில் வந்த நாளிலிருந்து 21 நாட்களுக்குள் 3சி பிரிவின்படி ஆட்சேபணை எழுதிக் கொடுக்கலாம். அந்த நிலத்தில் உரிமை உள்ள எவரும் கொடுக்கலாம். 21 நாள் போனால் அந்த வாய்ப்பு போயிற்று.

பிறகு இழப்பீடு நிர்ணயிக்கும் முன்னால், உரிமை கோருபவர்கள் வரலாம் என்று மறுபடியும் பத்திரிகையில் அறிவிப்பு வரும். இது 3ஜி பிரிவு. நிலத்தின் விலையோடு, எடுப்பதால் ஒருவருடைய வருமானத்துக்கு ஏற்படும் பாதிப்பையும், தொழில் நடத்தும் இடத்தை மாற்ற வேண்டி வந்தால் அதற்காகும் நியாயமான செலவையும் கணக்கில் எடுக்க வேண்டும் என்று இந்தப் பிரிவே சொல்கிறது. நிர்ணயித்த தொகை போதாது என்றால் நடுவரிடம் போகலாம். நோட்டீஸ் கொடுத்து 60 நாள் அவகாசம் தந்த பிறகே இடத்தை ஒப்படைக்கச் சொல்ல முடியும்.

2013-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின் இழப்பீடு, மறுவாழ்வு விதிகள் 2015 முதல் நெடுஞ்சாலை நில எடுப்புக்கும் பொருந்தும். அந்தச் சட்டத்தில் 'பாதிக்கப்பட்ட குடும்பம்' என்ற சொல்லில் நிலம் இல்லாதவர்களும் அடங்குகிறார்கள். வாடகைதாரர்களும், நிலம் எடுப்பதற்கு முன் மூன்று ஆண்டு அங்கே தொழில் செய்து பிழைத்தவர்களும் அதில் உண்டு. அதன் இரண்டாம் அட்டவணையில் பெட்டிக்கடைக்கும் சிறு வியாபாரிக்கும் ஒருமுறை உதவித்தொகை குறைந்தது 25,000 ரூபாய் என்று இருக்கிறது. குடும்பமே இடம் பெயர்ந்தால் போக்குவரத்துச் செலவு, மறுகுடியமர்வுப் படி என்று தனித்தனியே உண்டு. பெரிய தொகை இல்லைதான். ஆனால் கேட்டால்தான் கிடைக்கும்.

கேட்பதற்கு என்ன வேண்டும்? காகிதம் வேண்டும். மூன்று ஆண்டு கடை நடத்தினேன் என்று வாயால் சொன்னால் போதாது. வாடகை ஒப்பந்தம், வாடகை ரசீது, கடையின் மின்கட்டண ரசீது, பஞ்சாயத்து அல்லது நகராட்சித் தொழில் உரிமம், உணவுப் பாதுகாப்புப் பதிவுச் சான்று, ஜி.எஸ்.டி. பதிவு இருந்தால் அதன் சான்று, கொள்முதல் பில்கள், வங்கிக் கணக்கு வரவு செலவு. இவற்றில் எதெல்லாம் உங்கள் பெயரிலும் இந்தக் கடை முகவரியிலும் இருக்கிறது என்று இன்றைக்கே பாருங்கள். அப்பா பெயரில் இருந்து மாற்றாமல் விட்ட உரிமம், கதவு எண் தவறாக ஏறிய பதிவு, பக்கத்துக் கடை மீட்டரில் ஓடும் மின்சாரம் இவை எல்லாம் நம் கடைகளில் சகஜம். நோட்டீஸ் வந்த பிறகு திருத்தினால் சந்தேகம் வரும். முன்னாலேயே திருத்திக்கொண்டால் யாரும் ஒன்றும் சொல்ல முடியாது.

வாய்மொழி வாடகையில் இருப்பவர்கள் கட்டட உரிமையாளரிடம் மரியாதையாகப் பேசி எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். 'அண்ணே, உங்கள் நிலத்துப் பணத்தில் எனக்குப் பங்கு வேண்டாம், நான் இங்கே கடை வைத்திருப்பதற்கு மட்டும் ஒரு எழுத்து வேண்டும்' என்று தெளிவாகச் சொன்னால் பெரும்பாலும் மறுக்க மாட்டார்கள். வாடகையை ரொக்கமாகக் கொடுக்காமல் வங்கி மூலம் கொடுத்தால் அதுவே சாட்சி.

காகிதங்களுக்கு இன்னொரு பிரதி வேறு இடத்தில் இருக்கட்டும். 2004 டிசம்பர் 26 சுனாமியில் நம் கடலோரத்தில் படகும் வலையும் மட்டும் போகவில்லை. பற்று வரவு நோட்டுகளும் போயின. யார் எவ்வளவு தர வேண்டும் என்பதற்குக் கடைக்காரரிடம் ஞாபகம் ஒன்றுதான் மிச்சம் இருந்தது. இன்றைக்குக் கையில் இருக்கும் செல்போனில் படம் பிடித்து மகனுக்கோ மகளுக்கோ அனுப்பி வைத்தாலே ஒரு பிரதி ஆயிற்று.

சங்கங்கள் கேட்க வேண்டியவை

தனி ஆள் கேட்டால் மனு. சங்கம் கேட்டால் கோரிக்கை. சாலை போட்டு முடித்த பிறகு சுரங்கப்பாதை கேட்டு மறியல் செய்வதைப் பல ஊர்களில் பார்க்கிறோம். வரைபடத்திலேயே கேட்டால் செலவும் குறைவு, கிடைக்கும் வாய்ப்பும் அதிகம். கடலோர ஊர்ச் சங்கங்கள் முதலில் தங்கள் ஊருக்கு நில எடுப்பு அறிவிப்பு எந்த நிலையில் இருக்கிறது என்று மாவட்ட ஆட்சியர் அலுவலக நில எடுப்புப் பிரிவில் கேட்டு எழுதி வைத்துக்கொள்ள வேண்டும். பிறகு நான்கு கோரிக்கைகளை வைக்கலாம் என்பது நம் கருத்து.

கடைவீதி உள்ள இடங்களில் இருபுறமும் சர்வீஸ் ரோடு. குப்பங்களிலிருந்து மக்கள் நடந்து வந்து வாங்கும் இடங்களில் சுரங்கப்பாதை அல்லது பாதுகாப்பான குறுக்குவழி. சரக்கு வண்டி ஒதுங்கி நின்று இறக்குவதற்கு இடம். திண்டிவனத்திலிருந்து வரும் குறுக்குச் சாலை மரக்காணத்தில் சேரும் இடத்தில், சரக்கு வண்டி சுற்றாமல் திரும்ப ஒழுங்கான சந்திப்பு.

இந்தக் கடைசிக் கோரிக்கையைத் திண்டிவனம், விழுப்புரம் சங்கங்களும் சேர்ந்து வைக்க வேண்டும். கடலோரச் சாலைக்குக் காட்டும் கவனத்தை அதோடு சேரும் குறுக்குச் சாலைகளுக்கும் காட்டச் சொல்ல வேண்டும். இதற்கு ஒரு பெரிய காரணம் இருக்கிறது. 2024 நவம்பர் 30-இல் ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தது. மயிலத்தில் ஒரே நாளில் 51 சென்டிமீட்டர் மழை. தென்பெண்ணை பெருகி, டிசம்பர் 2-இல் அரசூரில் சென்னை – திருச்சி நெடுஞ்சாலை மேலேயே வெள்ளம் ஓடிற்று. விக்கிரவாண்டி – முண்டியம்பாக்கம் இடையே ரயில் பாலத்தில் அபாய அளவைத் தாண்டித் தண்ணீர் வந்து ரயில்கள் நின்றன. எத்தனை வழி போட்டாலும் வெள்ளத்துக்கு முன்னால் ஒரே சாலையை நம்பி ஒரு மாவட்டம் இருக்க முடியாது. 2011-இல் தானே, 2020-இல் நிவர், 2024-இல் ஃபெஞ்சல் என்று புயல்கள் நம் கரையைத் தேடி வந்தபடி இருக்கின்றன. நெடுஞ்சாலை அடைபட்டால் கடலோரச் சாலை, அது அடைபட்டால் நெடுஞ்சாலை, இரண்டுக்கும் நடுவே ஏணிப்படி போலக் குறுக்குச் சாலைகள் என்று இருந்தால்தான் அரிசியும் பாலும் ஊருக்கு வரும். கழுவேலி ஏரிப் பக்கம் தண்ணீர் வடியும் வழிகளை அடைக்காமல் போதுமான கல்வெட்டுப் பாலங்களோடு சாலையை உயர்த்த வேண்டும். தண்ணீர் போக வழி விடாமல் சாலையை மட்டும் உயர்த்தினால் அந்தத் தண்ணீர் நம் கிட்டங்கிக்குள்தான் வரும்.

1993-இல் தென்னார்க்காடு மாவட்டத்தைப் பிரித்து விழுப்புரம் மாவட்டம் அமைத்தபோது, கடலோரம் முழுவதும் கடலூருக்குப் போய்விடாமல் மரக்காணம் முதல் கோட்டக்குப்பம் வரை ஒரு துண்டுக் கடற்கரை நமக்குக் கிடைத்தது. அந்தக் கரையையும் உள்நாட்டையும் இணைத்துவைக்கும் வேலையை அரசாங்கச் சாலை பாதிதான் செய்யும். மீதிப் பாதியைக் கிழமை தவறாமல் போகும் நம் வண்டியும், சீட்டைப் பார்த்து உடைத்துக் கட்டும் நம் கடைப் பையனும் செய்கிறார்கள்.

கடலோரத்தில் கடை வைத்திருக்கும் அன்பர்கள் இந்த மாதக் கடைசிக்குள் மேலே சொன்ன காகிதங்களை ஒரு பைலில் சேர்த்து, தங்கள் ஊர்ச் சங்கச் செயலாளரிடம் காட்டிவிடுங்கள். திண்டிவனம், விழுப்புரம் மொத்த வியாபாரிகள் தங்களிடம் சரக்கு எடுக்கும் கடலோரக் கடைகளின் பட்டியலை எழுதி, யாருக்கு எந்தக் காகிதம் இல்லை என்று விசாரித்து, கூடப் போய் வாங்கிக் கொடுங்கள். நம்மிடம் கடன் நிலுவை இருக்கிறதே என்று பார்க்காதீர்கள். கடை நின்றால்தான் நிலுவையும் வசூலாகும்.